இறாத்தல் முகைதீன்பாவாவின் பொட்டணி

சாய்ந்தமருதில் அந்தக் காலத்தில் மூன்று முகைதீன்பாவாக்கள் இருந்தார்கள். ஒருவர் கரைவலைக்காரர். ஒருவர் பள்ளிவாசலில் பாங்கு சொல்பவர். மூன்றாமவர்தான் இறாத்தல் முகைதீன்பாவா. இறாத்தல் என்பது பழைய நிறை அளவு; பெயரைக் கேட்டு அவர் கடை வைத்து நிறுத்துக் கொடுத்தவர் என்று நினைத்துவிடாதீர்கள். அவர் வீட்டில் தராசு இருந்ததே இல்லை. வயல்காரர், வயலோடு எருமைப் பட்டியும் உண்டு. காட்டுக்குப் போகிற ஆள் எவனாவது பொட்டணியைக் கொண்டுவந்து காட்டினால், அதை இடக்கையால் ஒருதரம் தூக்கிப் பார்த்து, "இதுல ரெண்டு இறாத்தல் கூட" என்பார். அவிழ்த்துப் பார்த்தால் வேண்டாத சாமான் உள்ளே இருக்கும்.

அவருடைய பெண்சாதி ஹாஜறா எனக்கு மாமி முறை; என் உம்மாவின் மாமி மகள். முகைதீன்பாவாவோடு காட்டுக்குப் போய்வந்த பளீல், என் உம்மாவோடு கூடப்பிறந்தவர். ஆகவே இந்தக் கதை எனக்கு வீட்டுக்குள்ளாலும் வந்தது, காட்டுக்குள்ளாலும் வந்தது.

இளந்தாரி வயதில் முகைதீன்பாவா தன்னுடைய பெரியப்பாவோடு மரம் வெட்டப் போயிருக்கிறார். பெரியப்பா ஆசைக்காரர். சோற்றுப்பானை, கறிச்சட்டி, பாய், தலையணை, முழு மூடை அரிசி என்று வீட்டையே தூக்கிக்கொண்டு போனாராம். மரம் நிற்கிற இடத்துக்குப் போய்ச் சேரும்போது தோள் வீங்கிக் கை மேலே எழவில்லை. கோடரியை ஓங்க முடியாமல், கொண்டுபோன அரிசியைச் சமைத்துத் தின்றுவிட்டுத் திரும்பி வந்தார்கள். அன்றிலிருந்து முகைதீன்பாவாவுக்கு ஒரே கேள்விதான். எந்தச் சாமானைக் கண்டாலும், "இது இல்லாட்டி யாரு மௌத்தாகிற?" என்று கேட்பார். யாரும் மௌத்தாகமாட்டார்கள், அதாவது சாகமாட்டார்கள் என்றால் அந்தச் சாமான் வீட்டில் நிற்கும்.

தேன் எடுக்கிறவர்கள், கம்பு வெட்டுகிறவர்கள், தொலைந்த மாடு தேடுகிறவர்கள் எல்லோரும் புறப்படுவதற்கு முன் அவருடைய முற்றத்துக்கு வருவார்கள். ஹஜ்ஜுக்குக் கப்பலேறப் போன ஒருவர்கூடத் தன் பெட்டியைக் கொண்டுவந்து திறந்து காட்டினாராம். கப்பலில் கிடக்கிற பெட்டியின் பாரம் கப்பலுக்குத்தானே என்று நாம் நினைப்போம். முகைதீன்பாவா அதிலும் பாதியைக் குறைத்துத்தான் அனுப்பினார்.

ஐம்பத்தேழாம் ஆண்டு மார்கழி வெள்ளம் வந்தது. அதைப் பற்றி நான் அதிகம் சொல்லத் தேவையில்லை, பட்டவர்கள் இன்னும் இருக்கிறார்கள். முகைதீன்பாவாவின் வயலில் பயிர் போய் மணல் ஏறிக் கிடந்தது. மகள் சுபைறாவுக்கென்று கட்டத் தொடங்கிய வீட்டின் மண்சுவர் கரைந்து, நாலு தூண் மட்டும் நின்றது. மாடுகளும் போய்விட்டன. விதைப்பு முடிந்ததும் பட்டியைத் தெற்கே, அக்கரைப்பற்றுக்கு அப்பால் மேய்ச்சலுக்கு ஒதுக்கிவிடுவது வழக்கம். வெள்ளம் பட்டியை உடைத்துக்கொண்டு போக, காவல்காரன் மரத்தில் ஏறி உயிர் தப்பினான். மாடு போன திசை அவனுக்குத் தெரியாது.

சுபைறாவுக்கு அக்கரைப்பற்றில் மாப்பிள்ளை பேசி முடிந்திருந்தது. எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்குத்தான். பெண்ணின் வீடு நின்றால்தான் மாப்பிள்ளை வந்து இறங்குவார். வீடு நிற்க வேண்டுமென்றால் சின்னப்போகம் விளையவேண்டும். அது விளைய வயலை மிதித்துச் சேறாக்கவேண்டும். அதற்கு எருமை வேண்டும். இரவல் மாடு கேட்கவும் வழியில்லை, எல்லார் பட்டியும் வெள்ளத்தோடு போன வருடம் அது. சுபைறாவின் கலியாணம் காட்டுக்குள் எங்கோ புல் மேய்ந்துகொண்டு நின்றது என்றுதான் வையுங்களேன்.

மாசி மாதக் கடைசியில் கோமாரிப் பக்கத்துத் தேன்காரன் ஒருவன் செய்தி கொண்டுவந்தான். கோமாரிக்கு மேற்கே, காட்டுக்குள் பாழடைந்த குளம் ஒன்றில் எருமைக் கூட்டத்தைக் கண்டானாம். முன்னால் நின்ற எருமைப் பசுவின் நெற்றியில் வெள்ளைச் சுட்டியாம்.

"காதுல உங்கட குறிதான். ஆனா காட்டெருமைக் கிடாவும் வந்து சேர்ந்திரிக்கி. இன்னும் கொஞ்ச நாள் போனா மனிசர்ட கைக்கு வராது, சொல்லிப்போட்டன்" என்றான்.

நெற்றியில் சுட்டி என்றதும் ஹாஜறா மாமி அடுப்படியிலிருந்து வெளியே வந்துவிட்டார். சுட்டி அவர் வளர்த்த மாடு. அதன் தாய் சேற்றில் புதைந்து செத்துப்போக, கன்றை வீட்டுக்குக் கொண்டுவந்து கஞ்சியும் கழனித் தண்ணியும் கொடுத்து வளர்த்தார். பட்டியோடு சேர்த்துவிட்ட பிறகும், அறுத்த நெல்லைச் சூடு மிதிக்க ஊர்ப்பக்கம் வரும்போதெல்லாம் அது வழி விலகி வந்து அடுப்படி வாசலில் மூஞ்சியை நீட்டிக்கொண்டு நிற்கும். அது போகிற பக்கம்தான் பட்டி போகும்.

நோன்புக்குப் பதினைந்து நாள் முன் வரும் பறாத்து இரவு முடிந்த மறுநாள் புறப்படுவதென்று முடிவாயிற்று. நோன்புத் தலைப்பிறைக்கு முன் திரும்பிவிடவேண்டும். போகிறவர்கள் மூன்று பேர்: முகைதீன்பாவா, தடம் பார்க்கத் தெரிந்த பளீல் மாமா, ஹாஜறா மாமியின் தம்பி காலிதீன். காலிதீன் பலசாலி, மாட்டுக்குக் கயிறு போடுவதில் கைகாரர். வாய் மட்டும் சும்மா இருக்காது. முகைதீன்பாவாவுக்கு அவர் மச்சான் ஆகையால் அந்த வாய்க்குத் தடையும் இல்லை.

முற்றத்தில் பாய் விரித்துச் சாமான்களைப் பரப்பினார்கள். அயலவர்களும் வேடிக்கை பார்க்க வேலியோரம் கூடிவிட்டார்கள். காலிதீன் கொண்டுவந்த மூட்டையைத் தூக்கிப் பார்த்த முகைதீன்பாவா அதைக் கீழே வைத்து அவிழ்த்தார். முதலில் வெளியே வந்தது மூக்கு வைத்த பித்தளைக் கிண்டி.

"இது என்னத்துக்கு?"

"தொழுகைக்கு ஒளு எடுக்கத்தான் மச்சான்."

"போற இடத்துல குளம் இரிக்கி. தண்ணி இல்லாட்டி மண்ணுல தயம்மும் செய்யலாம். இது இல்லாட்டி யாரு மௌத்தாகிற?"

"யாரும் மௌத்தாகல்ல. ஆனா நான் மனிசனா இரிக்கவேணுமே."

"மனிசனா இரிக்கிறதெண்டா ஊட்டுல இரி. காட்டுக்கெண்டா வா."

கிண்டி போயிற்று. தலையணை போயிற்று. லாம்பும் போயிற்று. இரண்டு தேங்காய் இருந்தது. "இதுல பாதி சிரட்டையும் தண்ணியும்" என்று சொல்லித் துருவி வறுக்கக் கொடுத்தார். கருவாட்டின் தலையையும் நடுமுள்ளையும் வீட்டிலேயே எடுத்துவிடச் சொன்னார். காட்டுக்குள் தூக்கிக்கொண்டு போய் எறிவதற்கு முள் எதற்கு? புளியில் கொட்டையில்லை. உப்பும் கொச்சிக்காயும் ஒன்றாக இடித்து ஒரே முடிச்சு. அரிசி கொஞ்சம்தான், மற்றதெல்லாம் வறுத்த மா. மாவென்றால் சக்கரையும் வறுத்த தேங்காயும் சேர்த்துப் பிசைந்தது, ஒரு மிடறு தண்ணியோடு தின்றுவிட்டு நடக்கலாம். அடுப்பு மூட்டத் தேவையில்லை. புகை மணந்தால் மாடு விலகிப் போகும் என்பது அவருடைய கணக்கு. தண்ணீருக்குச் சுரைக்குடுவை. தீப்பெட்டியை மூங்கில் கணுவுக்குள் போட்டுத் தேன்மெழுகால் வாயை அடைத்தார். ஆளுக்கு உடுத்த சாறன் ஒன்று, மேலதிகமாக ஒன்று. அந்த மேலதிகச் சாறன்தான் பாய், போர்வை, பை எல்லாம். எருமைத்தோல் வார்க்கயிற்றை மட்டும் அவர் குறைக்கவில்லை. மாட்டுக்கென்று ஒரு கட்டி உப்பும் வைத்தார்.

கடைசியாகக் காலிதீனின் கோடரியை எடுத்து, பிடியைத் தட்டிக் கழற்றிவிட்டு அலகை மட்டும் சாக்கில் சுற்றினார்.

"பிடிய ஏன் மச்சான் கழட்டுற?"

"போற இடமெல்லாம் கம்புதான். வேணும் எண்டா அங்க ஒண்டு வெட்டிச் செதுக்கலாம்."

"நல்ல வேளை, என்ட காலக் கழட்டி வைக்கச் சொல்லல்ல. அதுவும் பாரம்தான்!"

வேலியோரம் சிரிப்பு. முகைதீன்பாவாவும் சிரித்தார். அந்த நேரம்தான் ஹாஜறா மாமி மாப் பொட்டணியைக் கொண்டுவந்து வைத்தார். அது அவருடைய பழைய சீலையில் கட்டியிருந்தது. மருதமுனைத் தறியில் நெய்த சிவப்புக் கட்டம் போட்ட சீலை, அடுப்படியில் உடுத்தி உடுத்திச் சாயம் போனது. புகையும் கழனியும் வியர்வையும் அதில் ஊறிக் கிடந்தன. ஊருக்கே அந்தச் சீலையைத் தெரியும்.

அக்காவை ராத்தா என்று கூப்பிடுகிற காலிதீன் விடுவாரா? "ஓகோ! மச்சானுக்குக் காட்டுலயும் ராத்தா இல்லாம நித்திரை வராதாம்!"

இந்தமுறை சிரிப்பு பெரிதாக எழுந்தது. முகைதீன்பாவாவின் முகம் மாறிவிட்டது. முடிச்சை அவிழ்த்து, மாவை வேறொரு துணியில் கொட்டிக் கட்டினார்.

"மாவுக்கு இந்தத் துண்டு போதும். அது பாரம்."

"அது மாவுக்கு இல்ல, சுபைறாட வாப்பா. சுட்டிக்கு" என்றார் மாமி.

"சுட்டிக்குச் சீலை உடுத்திக் கூட்டிவரப் போறமா? இது இல்லாட்டி யாரு மௌத்தாகிற?"

மாமி சீலையை எடுத்து மடித்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். முகைதீன்பாவாவைக் காக்கா, அதாவது அண்ணன் என்று கூப்பிடுகிற பளீல் மாமா இதை எனக்குச் சொல்லும்போது ஒன்றைச் சேர்த்துச் சொல்வார்: "காக்கா எல்லாத்தையும் இடக்கையால தூக்கிப் பார்த்த. உப்பு முடிச்சக்கூடத் தூக்கிப் பார்த்த. அந்தச் சீலைய மட்டும் தூக்கிப் பாக்கல்ல."

அக்கரைப்பற்று வரைக்கும் பஸ். பிறகு வண்டியில் கோமாரி. அங்கிருந்து மேற்கே நடை. நடக்கத் தொடங்கியபின் காலிதீனும் ஒத்துக்கொண்டார். பொட்டணி முதுகில் இருப்பதே தெரியவில்லை. முகைதீன்பாவா சொல்வாராம், பாரம் முதலில் தோளில் ஏறும், பிறகு கண்ணில் ஏறும் என்று. பாரத்தோடு நடக்கிறவன் பகல் திரும்பினால் தடத்தைப் பார்க்கமாட்டான், அடுத்த நிழலைத்தான் பார்ப்பான். அவன் தேடி வந்தது பக்கத்தில் நின்றாலும் காணமாட்டான். இது மெய்தான் என்று எனக்கும் வயது போனபின் தெரிகிறது.

பளீல் மாமா தடம் பார்த்துக் குளத்துக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தார். அணைக்கட்டு உடைந்து, நடுவில் தாமரை அடர்ந்த குளம். மாடுகள் கழுத்துவரை தண்ணீரில் கிடந்தன. சுட்டி கரையில் நின்றது. முகைதீன்பாவா உப்புக் கட்டியைக் கையில் வைத்துக்கொண்டு, "சுட்டி, வா, வா" என்று மெல்லக் கிட்டப் போனார். அது தலையைத் தூக்கி ஒருமுறை பார்த்தது. பிறகு மூச்சைச் சீறிவிட்டுத் திரும்பி ஓடியது. பட்டி முழுவதும் அதன் பின்னால் காட்டுக்குள் நுழைந்துவிட்டது.

விடிந்தால் மறுகா குளத்துக்கு வரும், இவர்களைக் கண்டால் ஓடும். உப்பைக் கல்லில் வைத்துவிட்டு மறைந்து நின்று பார்த்தார்கள். வழியை அடைத்து மடக்கிப் பார்த்தார்கள். காட்டுக் கிடா கொம்பைத் தாழ்த்திக்கொண்டு வர, பளீல் மாமா பாலை மரத்தில் ஏறிச் சாறனைக் கிழித்துக்கொண்டதுதான் மிச்சம். அரிசி முடிந்தது. கருவாடும் முடிந்தது. மாவை முகைதீன்பாவா கைப்பிடியாக அளந்து கொடுக்கத் தொடங்கினார். பிறை நாளும் நெருங்கி வந்தது.

ஒருநாள் பின்னேரம் அஸர் தொழுதுவிட்டு அணைக்கட்டில் மூன்று பேரும் இருந்தார்கள். முகைதீன்பாவா எழும்பவில்லை. தண்ணீரையே பார்த்துக்கொண்டிருந்தவர் சொன்னார்:

"மச்சான், உன்ட ராத்தாட சீலைய நான் கையில எடுத்துப் பாக்கக்கூட இல்ல."

"எந்தச் சீலைய?" என்றார் காலிதீன், ஒன்றும் தெரியாதவர்போல.

"பாரம் எண்டு சொன்னது பொய். நீ சிரிச்ச, வேலியில நிண்ட ஆக்களும் சிரிச்ச. எனக்கு வெக்கமாப் போயிட்டு. அதுதான் மெய். மாட்டுக்கு என்னையா தெரியும்? எங்களை அது குறி சுடக்குள்ள கண்டது, கயிறு போடக்குள்ள கண்டது. அதுக்குச் சோறு குடுத்த கை ஒண்டுதான்."

முகைதீன்பாவா எழும்பிச் சுரைக்குடுவையை இடுப்பில் கட்டினார். மாப் பொட்டணியை எடுத்துப் பளீல் மாமாவின் பக்கத்தில் வைத்தார்.

"நான் கோமாரிக்குப் போய், ஊருக்குப் போய், அதக் கொண்டு வாறன். நீங்க ரெண்டு பேரும் மாட்டத் தவறவிடாம நில்லுங்க. மா உங்களுக்குக் காணும்."

"உங்களுக்கு?" என்றார் பளீல் மாமா.

"வழியில பாலைப்பழம் இரிக்கி."

அவர் அணைக்கட்டில் இறங்கி நடந்துவிட்டார். காலிதீன் அவரைக் கொஞ்சத் தூரம் போகவிட்டார். பிறகு கூப்பிட்டார்.

"மச்சான்! பொட்டணி ஒண்டும் இல்லாமப் போறீங்களே, முதுகு கூசுமே. பொறுங்க, கொஞ்சம் பாரம் ஏத்தி விடுறன்."

தன் மேலதிகச் சாறனை உதறினார். உள்ளே சிவப்புக் கட்டம் போட்ட சீலை மடிப்பாக இருந்தது. இத்தனை நாளும் அதைத்தான் சாறனுக்குள் சுற்றித் தலைக்கு வைத்துப் படுத்திருக்கிறார். என்னுடைய ராத்தாவின் சீலை, எனக்கென்ன வெட்கம் என்பது அவருடைய நியாயம்.

முகைதீன்பாவா திரும்பி வந்து நின்றார். "உன்ட ராத்தா இத எப்ப தந்த?"

"வெளிக்கிடக்குள்ள. 'அவர் கேட்டா குடு. கேக்காட்டி மா முடியிற அண்டைக்குக் குடு' எண்டு சொன்ன. மா இன்னும் முடியல்லியே. அதுதான் பாத்துக்கிட்டு இரிந்த."

"விசரா! என்ட மகள்ட கலியாணம்டா!"

"அவ எனக்கும் மருமகள் இல்லியா? அதுக்குத்தான் கிடாவுக்கும் பயப்படாம நிக்கிறன். ஆனா ராத்தா சொன்னா சொன்னதுதான். உங்கள விட எனக்கு அவளுக்குத்தான் பயம்."

முகைதீன்பாவா சீலையை வாங்கி இடக்கையில் வைத்துத் தூக்கிப் பார்த்தார்.

"என்ன மச்சான், எத்தன இறாத்தல்?"

"உன்ட தலையெண்ணெய் நாத்தத்துல மாடு இந்தப் பக்கமே வராது" என்றுமட்டும் அவர் சொல்லிவிட்டு, உள்மடிப்பை வெளியே எடுத்துத் திருப்பி மடித்தார்.

மறுநாள் காலையில் காற்று இவர்கள் பக்கமிருந்து குளத்தை நோக்கி வீசியது. முகைதீன்பாவா அந்தச் சீலையைத் தலையில் முக்காடாகப் போட்டு, மிச்சத்தை உடம்பில் சுற்றிக்கொண்டார். தாடியும் முக்காடுமாக ஒரு கிழவன் கரையில் இறங்கி நடந்தால் எப்படி இருக்கும்? காலிதீனும் பளீல் மாமாவும் புதருக்குள் கிடந்து பார்த்தார்கள். ஒருவருக்கும் சிரிப்பு வரவில்லை. அவ்வளவு பயம் அவர்களுக்கு.

"சுட்டி, வாகா மகள். கழனி குடிக்க வா" என்று அவர் மெல்லச் சொன்னார். அது ஹாஜறா மாமி சொல்கிற சொல். அதுவரைக்கும் அவர் வாயில் அது வந்ததே இல்லை.

சுட்டி தலையைத் தூக்கியது. ஓடப் போவதுபோல ஒருதரம் திரும்பியது. பிறகு மூக்கை நீட்டிக் காற்றை இழுத்தது. ஒரு கால் வைத்து நின்றது, மறுகாலையும் வைத்தது. கிட்ட வந்து சீலைத் தலைப்பை வாயால் பிடித்து இழுத்து நக்கத் தொடங்கியது. அடுப்படி வாசலில் நிற்பதுபோலவே நின்றது. அவர் கொம்பில் வார்க்கயிற்றைப் போட்டபோதும் அது அசையவில்லை. அவர் திரும்பி நடக்க அது பின்னால் வந்தது; அதன் பின்னால் பட்டி ஒவ்வொன்றாகத் தண்ணீரை விட்டு எழும்பிக் கரையேறியது. கிடா மட்டும் கொஞ்சத் தூரம் வந்து பார்த்துவிட்டுக் காட்டுக்குள் போயிற்று.

கோமாரித் தென்னைகள் கண்ணில் படும்வரைக்கும் அவர் முக்காட்டை எடுக்கவில்லை. எடுத்தால் சுட்டி நின்றுவிடுமோ என்ற பயம். அதுவரைக்கும் அடக்கி வைத்திருந்த சிரிப்பைக் காலிதீன் அங்கே சிரித்தார். வழியில் கண்டவர்களுக்கெல்லாம் சொன்னார். பட்டி ஊருக்கு வருமுன் கதை ஊருக்கு வந்துவிட்டது.

பிறை காண்பதற்கு இரண்டு நாள் இருக்கும்போது பட்டியை வயற்கரைக்குக் கொண்டுவந்து சேர்த்தார்கள். சுட்டி மட்டும் நிற்காமல் ஊருக்குள் நடந்து அடுப்படி வாசலுக்குப் போய்விட்டது. ஹாஜறா மாமி கழனிப் பானையை அதன் முன்னால் வைத்துவிட்டுத்தான் புருசனின் முகத்தைப் பார்த்தார். அவர் சீலையை நீட்டினார்.

"சேறாப் போயிட்டு. கழுவிப் போடு."

"கழுவினா மறுகா அது என்னத்துக்கு உதவும்?" என்றார் மாமி.

அவ்வளவுதான் அவர்கள் அதைப் பற்றிக் கதைத்தது. சின்னப்போகம் விளைந்தது. தூணுக்குச் சுவர் எழும்பியது. சுபைறாவுக்கு அந்த வீட்டில்தான் கலியாணம் நடந்தது, நானும் சாப்பிட்டேன்.

முகைதீன்பாவா அதன் பின்னும் பொட்டணி தூக்கிப் பார்க்கிற வேலையை விடவில்லை. கிண்டியையும் தலையணையையும் முன்போலவே வெளியே எறிவார். ஆனால் கம்பு வெட்டப் போன ஒருவனின் மூட்டையிலிருந்து சின்னப் பிள்ளையின் தொப்பி ஒன்று விழுந்தபோது, காலிதீன் வாயைத் திறக்குமுன் அவர் அதை எடுத்து இடக்கையில் வைத்துப் பார்த்தார். "இத மேலால வச்சிக் கட்டு" என்றார். தன்னுடைய கேள்வியை அந்த இடத்தில் அவர் கேட்கவில்லை.

ஒவ்வொரு வருடமும் மாடு கூட்டிவர அவர் புறப்படும் காலம் வந்தால், ஹாஜறா மாமி அந்தச் சிவப்புக் கட்டம் போட்ட சீலையை எடுத்து உடுத்திக்கொண்டு அடுப்படியில் நிற்பார். சாயமும் இல்லை, கிழிந்தும் போயிற்று. நல்ல சீலை இருக்கும்போது ஏன் இதை உடுத்துகிறாய் என்று ஊரில் யாரும் கேட்கமாட்டார்கள். வேலிக்கு அந்தப் பக்கமாகப் போகும் காலிதீன் மட்டும் எட்டிப் பார்த்து, "ராத்தா, மச்சானுக்கு எப்ப பயணம்?" என்று கேட்டுவிட்டுப் போவார்.